இருபத்து நாலு சொட்டு

எனக்குக் கனவில் பாம்போ பேயோ வருவதில்லை. சொட்டுதான் வரும். தலைகீழாகத் தொங்கும் பாட்டிலுக்குக் கீழே, சின்னக் குழலுக்குள், ஒரு சொட்டு மெல்லப் பருத்து, நுனியில் கொஞ்சம் யோசித்து, பிறகு விழும். அது விழுந்து அடங்குவதற்குள் அடுத்தது பருக்கத் தொடங்கிவிடும். நான் எண்ணிக்கொண்டே இருப்பேன். யாருடைய கையில் ஊசி இருக்கிறது, உள்ளே போவது என்ன மருந்து என்பதெல்லாம் கனவில் தெரியாது. எண்ணுவதை நிறுத்தக் கூடாது என்பது மட்டும் தெரியும். விழித்த பிறகும் கொஞ்ச நேரம் உதடு அசைந்துகொண்டிருக்கும் என்று என் வீட்டுக்காரர் சொல்கிறார். மந்திரம் ஜபிக்கிறேனோ என்று முதலில் பயந்தாராம்.

நான் நர்ஸ். இப்போது இருக்கும் பெரிய ஆஸ்பத்திரியில் கட்டிலுக்குக் கட்டில் மெஷின். மணிக்கு இத்தனை மில்லி என்று தட்டிவிட்டால் அதுவே மருந்தை அளந்து ஏற்றும், தவறினால் கூச்சலிடும். என் கூட வேலை பார்க்கும் சின்னப் பெண்கள் சொட்டு எண்ணியே பார்த்ததில்லை. ஆரணியில், சேவூர்ப் பக்கம் இருந்த ஒரு சின்ன நர்சிங் ஹோமில்தான் நான் முதலில் வேலைக்குச் சேர்ந்தேன். அங்கே கைதான் மெஷின், கண்தான் அலாரம்.

கலசப்பாக்கத்துப் பக்கம் எங்கள் ஊர். அப்பாவும் அம்மாவும் அடுத்தவர் நிலத்தில் வேலைக்குப் போனவர்கள். பள்ளிக்கூடத்தில் கணக்குப் பீரியடு வந்தால் எனக்கு நிஜமாகவே வயிறு வலிக்கும். நர்சிங் படிக்கப் போனால் கணக்கிலிருந்து தப்பித்துவிடலாம் என்று யாரோ சொன்னதை நம்பினேன். போன முதல் மாதமே போர்டில் யூனிட், மில்லி யூனிட், மில்லி லிட்டர், நிமிடத்துக்கு இத்தனை சொட்டு என்று எழுதிப் போட்டார்கள். அன்றைக்கு ஹாஸ்டல் பாத்ரூமில் உட்கார்ந்து அழுதேன்.

பிறகு ஒரு நாள் அது தானாகவே திறந்துகொண்டது. எங்கள் தெருக் குழாயில் தண்ணீர் பிடித்து வளர்ந்தவள் நான். குடத்திலிருந்து சொம்புக்கு, சொம்பிலிருந்து டம்ளருக்கு என்று ஊற்றினால் தண்ணீர் மாறுவதில்லை, பாத்திரம்தான் மாறுகிறது. இதுவும் அதேதான். டாக்டர் குடத்தில் சொல்கிறார், நான் சொட்டில் கொடுக்க வேண்டும். நடுவில் இருக்கும் பாத்திரங்களை வரிசையாக வைத்து ஊற்றிக்கொண்டே போனால் கடைசியில் சொட்டு வந்துவிடும். அது புரிந்த நாளிலிருந்து அந்தக் கணக்கின் மேல் எனக்கு ஒரு மயக்கம். பஸ்ஸில் போகும்போது, குளிக்கும்போது, சும்மா மனசுக்குள் போட்டுப் பார்ப்பேன். பெரிய எண் ஒன்று படிப்படியாகச் சுருங்கி, கடைசியில் கண் முன்னால் ஈரமாக விழுவதைப் பார்ப்பதில் அப்படி ஒரு சுகம்.

நர்சிங் ஹோமின் பிரசவ அறைக்குப் பின்னால் ஒரு சந்து. சந்துக்கு அந்தப் பக்கம் ஒரு தறி வீடு. காலையில் மாமனார் நெய்வார். பகல் சாப்பாட்டுக்குப் பிறகு மருமகள் உட்காருவாள். எங்கள் ஊரில் நெல்லும் கரும்பும்தான், தறியைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. சேர்ந்த புதிதில் அந்த டக், டக் சத்தம் என் மண்டைக்குள்ளேயே யாரோ இடிப்பது போலிருந்தது. டாக்டரம்மாவிடம் ஜன்னலுக்குக் கண்ணாடி போடச் சொல்லிப் புலம்பினேன். "பழகிடும்மா" என்றார். பழகித்தான் போனது. கொஞ்ச நாளில் அந்தச் சத்தம் எனக்குக் கேட்பதே நின்றுவிட்டது.

பழகாதது இன்னொன்று இருந்தது. டிரிப் டியூபில் குட்டிச் சக்கரம் ஒன்று இருக்கும். அதை மேலே உருட்டினால் சொட்டு வேகமாகும், இறக்கினால் மெதுவாகும். நோயாளிக்குத் துணையாக வருகிறவர்களுக்கு அந்தச் சக்கரத்தைக் கண்டால் கை சும்மா இருக்காது. பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று ஒருவர் ஜல்தியாக ஓட விடுவார். சீக்கிரம் ஏறினால் தெம்பு சீக்கிரம் வரும் என்று இன்னொருவர். தண்ணி ஜில்லென்று போகிறதே, குளிர் ஜன்னி வந்துவிடுமோ என்று ஒருவர் அடியோடு நிறுத்தியே வைத்திருந்தார். நான் கடுகு மாதிரி வெடிப்பேன். சக்கரத்தின் மேல் பிளாஸ்திரி சுற்றி ஒட்டிவிட்டுப் போவேன். "அந்தக் கோவக்கார சிஸ்டர்" என்றால் ஆரணி பஸ் ஸ்டாண்டு வரைக்கும் தெரியும் என்று டாக்டரம்மா கிண்டல் செய்வார்.

அந்தப் பெண் முள்ளிப்பட்டிலிருந்து வந்தாள். தலைப்பிரசவம் என்று சொல்ல முடியாது; அதற்கு முன் ஒரு குழந்தை வயிற்றில் தங்காமல் போயிருந்தது. துணைக்கு அவளுடைய அக்கா வந்திருந்தாள். அம்மா இல்லாத வீடு, அக்காதான் வளர்த்தவள். அக்காவும் தறியில் உட்காருகிறவள் என்று அவள் உட்கார்ந்த விதத்திலேயே தெரிந்தது. ஸ்டூலில் கூட முதுகை வளைக்காமல், இரண்டு கையையும் தொடைக்கு மேலே தயாராக வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். தங்கைக்கு வலி வந்து வந்து போனதே தவிர, வலுக்கவில்லை. வலியைக் கூட்டும் மருந்தை டிரிப்பில் போடலாம் என்று டாக்டரம்மா முடிவு செய்தார்.

அது பொல்லாத மருந்து. சரியான அளவில் போனால் கதவைத் திறக்கும். கூடினால் வயிறு இறுகிப்போய் விடவே விடாது. ஒவ்வொரு வலிக்கும் நடுவில் ஓர் இளைப்பாறல் உண்டு. அந்த இடைவெளியில்தான் உள்ளே இருக்கும் குழந்தைக்கு மூச்சுக்காற்று போகிறது. இடைவெளி இல்லாமல் போனால் குழந்தையின் இதயம் சோர்ந்துவிடும். அதனால்தான் இதை மெஷினில் போடுவது நல்லது. எங்களிடம் இருந்த ஒரே மெஷின் அன்றைக்கு ரிப்பேருக்கு வேலூர் போயிருந்தது.

ஐந்நூறு மில்லி பாட்டிலில் ஐந்து யூனிட் மருந்தைக் கலந்தேன். கொஞ்சமாக ஆரம்பித்து, அரை மணிக்கு ஒரு தரம் வயிற்றைத் தொட்டுப் பார்த்துப் பார்த்து ஏற்றினோம். வலி நல்லபடியாக வர ஆரம்பித்ததும், "பன்னெண்டு மில்லி யூனிட்ல நிறுத்து, போதும்" என்றார் டாக்டரம்மா. என் பாத்திரங்களை வரிசையாக வைத்தேன். ஐந்து யூனிட் என்பது ஐயாயிரம் மில்லி யூனிட். அது ஐந்நூறு மில்லியில் கரைந்திருக்கிறது, ஆக ஒரு மில்லிக்குப் பத்து. நிமிடத்துக்குப் பன்னிரண்டு வேண்டுமென்றால் ஒன்றே கால் மில்லிக்குக் கொஞ்சம் குறைவு, ஒன்று புள்ளி இரண்டு. அந்த டியூபில் ஒரு மில்லி என்பது இருபது சொட்டு. அப்படியானால் இருபத்து நாலு சொட்டு. வாட்சைப் பார்த்துக்கொண்டு சக்கரத்தை நூலிழை நூலிழையாக உருட்டினேன். இருபத்து நாலு வந்து நின்றது.

"அக்கா, சொட்டு இப்ப விழுற மாதிரியே சீரா விழுந்துகினு இருக்கணும். நின்னுட்டா ஒரு குரல் குடுங்க. எதிர் ரூம்லதான் இருக்கேன்" என்றேன். மறுபடியும் அளவை மாற்றும்படி இருக்கலாம் என்பதால் பிளாஸ்திரி ஒட்டவில்லை.

"நான் பாத்துக்கறேங்க சிஸ்டர்" என்றாள் அக்கா. அவள் பார்த்துக்கொண்டும் இருந்தாள். நான் போகும்போதும் வரும்போதும் எட்டிப் பார்ப்பேன். தங்கையின் கையை ஒரு கையில் பிடித்துக்கொண்டு, டியூபையே பார்த்தபடி, தலையை மெல்ல ஆட்டிக்கொண்டிருந்தாள். ராத்திரியெல்லாம் விழித்திருந்த தூக்கக் கலக்கம் என்று நினைத்தேன். சக்கரத்தைத் தொடாத ஒரு ஆளைக் கடைசியில் பார்த்துவிட்டேன் என்று மனசுக்குள் மெச்சிக்கொள்ளவும் செய்தேன்.

மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு அந்த நர்சிங் ஹோமே தண்ணீருக்கு அடியில் போய்விட்ட மாதிரி ஆகிவிடும். மின்விசிறிகள் சுற்றும். வெயில் திரைச்சீலையைத் தாண்டி வந்து தரையில் படுத்துக்கொள்ளும். படிக்கட்டில் நடப்பவர்களின் செருப்புச் சத்தம் எங்கோ தூரத்திலிருந்து வருகிற மாதிரி இருக்கும். எதிர் அறையில் காய்ச்சலோடு வந்திருந்த ஒரு பெரியவருக்கு ஊசி போட்டுவிட்டு, அவர் பேரனைப் பற்றிச் சொன்ன கதைக்கு உம் கொட்டிக்கொண்டிருந்தேன். அடுத்த அரை மணிச் சோதனைக்கு எழுந்து பிரசவ அறைக்குப் போனேன்.

வாசலிலேயே தெரிந்துவிட்டது. அந்தப் பெண் முனகுவது நிற்கவில்லை. வலி என்றால் எழும்பும், அடங்கும், கொஞ்சம் அமைதி இருக்கும். இங்கே அமைதியே இல்லை. வயிற்றில் கை வைத்தேன். கல். விடும் என்று காத்திருந்தேன், விடவில்லை. குழந்தையின் இதயத்துடிப்பைக் கேட்கும் கருவியை எடுத்து வைத்தேன். காலையில் குதிரை ஓடுவது போல ஓடிய சத்தம் இப்போது களைத்துப்போன ஆள் மாடிப்படி ஏறுவது போல வந்தது. நூறுக்கும் கீழே. நிமிர்ந்து டியூபைப் பார்த்தேன். எண்ணிப் பார்க்க வேண்டிய அவசியமே இல்லை. சொட்டுகள் ஒன்றன் பின்னால் ஒன்று துரத்திக்கொண்டு விழுந்தன.

சக்கரத்தை அடைத்தேன். அவளை இடது பக்கம் ஒருக்களித்துப் படுக்க வைத்து, முகத்தில் ஆக்சிஜன் மாட்டி, வராண்டா பக்கம் திரும்பி "மேடம்!" என்று கத்தினேன்.

"சக்கரத்தை யாரு தொட்டது?"

"நான்தாங்க சிஸ்டர்" என்றாள் அக்கா. பயமே இல்லை அவள் குரலில். செய்ய வேண்டியதைச் செய்தவளின் குரல். "சொட்டு பின்ன வாங்குச்சு. அதான் சரி பண்ணேன்."

"எதுக்குப் பின்ன?"

அவள் ஜன்னல் பக்கம் கையைக் காட்டினாள். "தறிக்கு."

எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. அவளே சொன்னாள். "காலைல நீங்க வெச்சப்ப அந்தத் தறியோட சேந்து விழுந்துச்சு. ஒரு அடிக்கு ஒரு சொட்டு. நீங்க சீரா விழணும்னு சொன்னீங்க இல்ல, அதையே புடிச்சிகினேன். சோத்துக்கு அப்புறம் தறி முந்துச்சு. சொட்டு பின்ன நின்னுகினு இருந்துச்சு. நான் விட்டுடுவனா?"

மாமனார் எழுந்து மருமகள் உட்கார்ந்திருக்கிறாள். அவள் கை வேகமான கை. அந்த வேகத்துக்கு இந்த அக்கா, தங்கையின் மருந்தை ஏற்றிக் கொடுத்திருக்கிறாள். ஆரணியில் எத்தனையோ பேர் எத்தனையோ காரணத்துக்காக அந்தச் சக்கரத்தைத் திருப்பிப் பார்த்திருக்கிறேன். கவனமாக இருந்த காரணத்தால் திருப்பியவள் இவள் ஒருத்திதான். அது அப்போது எனக்குத் தோன்றவில்லை. வெடித்தேன்.

"அது தறி, அக்கா! இது மருந்து! உள்ள இருக்கிற கொழந்தைக்கு மூச்சு முட்டுது, தெரியுதா? உங்களை யாரு இதை எல்லாம் சரி பண்ணச் சொன்னது?"

அவள் தன் வலது கையை எடுத்து, அது யாருடையதோ போலப் பார்த்தாள்.

டாக்டரம்மா வந்துவிட்டார். வயிற்றைத் தொட்டார், துடிப்பைக் கேட்டார், அடைத்த சக்கரத்தைப் பார்த்தார். "இந்த மருந்து ஏறின வேகத்துலயே இறங்கும். பார்க்கலாம். துடிப்பு ஏறலைன்னா ஆபரேஷன் தியேட்டருக்குக் கொண்டுபோயிடலாம்" என்றார்.

அதற்குப் பிறகு நாங்கள் செய்தது, கேட்டுக்கொண்டிருந்தது மட்டும்தான். அந்த நேரம் எவ்வளவு நீளம் என்று எனக்குத் தெரியாது. வெயில் தரையில் இருந்த இடத்திலேயே இருந்தது. கருவியிலிருந்து தப், தப் என்று வந்த ஒவ்வொரு துடிப்புக்கும் அடுத்தது வருமா என்று இருந்தது. அந்தப் பெண் என் புடவைத் தலைப்பை முறுக்கிப் பிடித்திருந்தாள். நான் சாமி கும்பிடுகிற ஆள் இல்லை. அன்றைக்கு யாரைக் கும்பிட்டேன் என்று எனக்கே தெரியவில்லை. என் உள்ளங்கைக்குக் கீழே அந்தக் கல் மெல்ல, பிசைந்த மாவு ஊறுவது போல, இளகியது. தப் தப் என்பது தபதப ஆனது. காலையில் ஓடிய குதிரை திரும்பி வந்தது.

டாக்டரம்மா மூச்சு விட்டது எனக்குக் கேட்டது. கொஞ்ச நேரம் அப்படியே விட்டுப் பார்த்தார். வலி மறுபடி முழுசாக அடங்கிப்போனதும், "பாதியிலேர்ந்து ஆரம்பி. ஆறு. நீ இங்கேர்ந்து நகரக் கூடாது" என்றார்.

ஆறு மில்லி யூனிட். ஒரு மில்லிக்குப் பத்து, ஆக அரை மில்லிக்குக் கொஞ்சம் மேலே. இருபதால் பெருக்கினால் பன்னிரண்டு சொட்டு. தூக்கத்தில் கேட்டாலும் சொல்லக்கூடிய கணக்கு. இருந்தும் இரண்டு தரம் போட்டுப் பார்த்தேன். அப்போதுதான் ஸ்டூல் காலியாக இருப்பதைக் கவனித்தேன். அக்காவைக் காணோம். திட்டினதுக்குக் கோபித்துக்கொண்டு போய்விட்டாளா, இந்த நேரத்திலா என்று எனக்கு மறுபடி மூக்குக்கு மேல் கோபம் வந்தது.

சக்கரத்தைத் திறந்தேன். வாட்சைப் பார்க்காமல் முதலில் கண்ணாலேயே ஒரு மாதிரி வைப்பது என் வழக்கம். ஏறக்குறைய சரியாக வந்துவிடும், பிறகுதான் வாட்ச். அன்றைக்கு வரவில்லை. நாலு என்றேன், ஐந்து எங்கே என்று தெரியவில்லை. திரும்ப ஒன்றிலிருந்து தொடங்கினேன். எண்கள் தடுக்கின. இருட்டில் மாடிப்படி இறங்கும்போது இன்னொரு படி இருக்கிறது என்று நினைத்துக் காலை வைப்போமே, அப்படி இருந்தது ஒவ்வோர் எண்ணும். கை நடுங்குகிறதா என்று பார்த்தேன். நடுங்கவில்லை. அறையில் ஏதோ குறைந்திருந்தது. என்ன என்று தெரியாமல் நான்கு பக்கமும் பார்த்தேன்.

அக்கா வாசலில் நின்றாள். கொண்டை அவிழ்ந்திருந்தது, மூச்சு வாங்கியது. உள்ளே வரவில்லை.

"நிறுத்தச் சொல்ட்டேங்க சிஸ்டர்."

"எதை?"

"தறியை. கொழந்த பொறக்கிற வரைக்கும்."

"அக்கா, தறியை நிறுத்திட்டா சொட்டு சரியாயிடுமா?" என்றேன். கோபம் மிச்சம் இருந்தது.

"அதுக்கு இல்லீங்க." அவள் கண்ணில் நீர் கட்டிக்கொண்டது. "தறி ஓடினா என் காது சும்மா இருக்காது. காது கேட்டா கை தானா போவும். எனக்கு என் கை மேல நம்பிக்கை இல்லீங்க."

"அவங்க இன்னா சொன்னாங்க?" என்று கேட்டேன்.

"ஒண்ணும் கேக்கல. பிரசவம்னு சொன்னேன். அந்தப் பொண்ணு மிதியிலேர்ந்து காலை எடுத்துடுச்சு."

அப்போதுதான் அந்த அமைதி என் காதில் விழுந்தது. குறைந்திருந்தது தறிச் சத்தம்தான். இத்தனை நாளும் எனக்குக் கேட்பது நின்றுவிட்டது என்று நினைத்துக்கொண்டிருந்தேனே, அந்த டக், டக். அது எங்கேயும் போகவில்லை. நான் எண்ணிய எண்களுக்குக் கீழே தரையைப் போலக் கிடந்திருக்கிறது. அதன் மேல் கால் வைத்துத்தான் என் கண் முதல் அளவைப் பிடித்திருக்கிறது. பிறகு வாட்ச் வந்து திருத்தியிருக்கிறது. வாட்ச் இல்லாதிருந்தால் நானும் இந்த அக்காவும் ஒன்றுதான். அவளிடம் கத்தினது தப்பு என்று எனக்குத் தோன்றவில்லை, கத்தத்தான் வேண்டும். ஆனால் அவளை வாசலில் நிற்க வைக்க எனக்கு மனசு வரவில்லை.

"உள்ள வாங்க" என்றேன். "தங்கச்சி உங்களைத்தான் தேடுது. அந்தப் பக்கமா உக்காந்து கையைப் புடிச்சிக்கங்க. இந்தப் பக்கம் நான் இருக்கேன்."

அவள் ஸ்டூலைச் சுற்றிக்கொண்டு போய், தங்கையின் கையைத் தன் இரண்டு கைகளுக்கும் நடுவில் வைத்து மூடிக்கொண்டாள். நான் வாட்சின் விநாடி முள்ளை மட்டுமே நம்பி, பன்னிரண்டு சொட்டை வைத்தேன்.

அந்தச் சாயங்காலம் போல ஒன்றை நான் பிறகு பார்த்ததில்லை. சத்தமே இல்லாத ஆரணி. சந்தில் ஒரு சைக்கிள் போனது, எங்கோ குக்கர் விசில் அடித்தது, அவ்வளவுதான். டியூபில் சொட்டு பருத்து, யோசித்து, விழுந்தது. வலி எழும்பியது, அடங்கியது, நடுவில் இடைவெளி இருந்தது. ஒவ்வோர் இடைவெளியிலும் கருவியை வைத்துக் கேட்டோம். ஒவ்வொரு தரமும் குதிரை ஓடியது. அக்கா ஒரு முறை கூட டியூபை நிமிர்ந்து பார்க்கவில்லை. சுவருக்கு அந்தப் பக்கமும் யாரோ இதே போல உட்கார்ந்து காது கொடுத்துக்கொண்டிருப்பார்கள் என்று எனக்குத் தோன்றிக்கொண்டே இருந்தது. பாதி நெய்த புடவை முன்னால் இருக்க, மருமகள் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். மாமனார் வாசலில் நின்று எட்டிப் பார்ப்பார். நான் அவர்கள் முகத்தை ஒரு நாளும் பார்த்ததில்லை.

விளக்கு வைக்கும் நேரத்தில் குழந்தை வந்தது. பெண். வந்ததும் அழவில்லை. டாக்டரம்மா துணியால் அதன் முதுகைத் துடைத்துத் தேய்த்தார், பாதத்தைச் சுண்டினார். பிறகு அது முகத்தைச் சுளித்து, என்னைவிடப் பெரிய கோபக்காரி மாதிரி, வீல் என்று கத்தியது. அக்கா தங்கையின் கையை முகத்தில் வைத்து அழுத்திக்கொண்டு விசும்பினாள். எனக்கும் கண் மறைத்தது. துடைத்துக்கொள்ளக் கை ஒழியவில்லை.

குழந்தை இரண்டாம் முறை கத்தியது. அது முடிந்ததும், சந்துக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒன்று கேட்டது.

டக்.

கொஞ்சம் தயங்கி, இன்னொரு டக். பிறகு சீராக ஓட ஆரம்பித்தது. சொல்ல யாரும் போகவில்லை; அவர்களுக்கும் கேட்டுவிட்டது.

பிரசவத்துக்குப் பிறகும் ரத்தப்போக்கு நிற்க அந்த மருந்து கொஞ்ச நேரம் போக வேண்டும். டாக்டரம்மா புது அளவைச் சொன்னார். நான் மனசுக்குள் பாத்திரங்களை வரிசையாக வைத்துக்கொண்டு, சக்கரத்தில் விரலை வைத்தேன். அக்கா திடுக்கிட்டு எழுந்து, ஜன்னல் கதவைச் சாத்த ஓடினாள்.

"இருக்கட்டும்க்கா" என்றேன். "தொறந்தே இருக்கட்டும்."